பிறந்த வீடும் புகுந்த வீடும் கைவிட்ட வங்கி

வாஞ்சிநாதனுக்கு என்ன வேலை என்று டெக்சாஸில் இருக்கிற காப்பெல்லில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். எல்லாரும் தப்பாகச் சொல்வார்கள். தப்புக்கு மூலகாரணம் அவன் மாமியார். ஈரோட்டிலிருந்து வந்து தங்கியிருந்த மாதங்களில் அந்த அம்மாள் கோயில், பொட்லக் விருந்து, பிறந்தநாள் என்று போன இடத்திலெல்லாம் ஒரே பாட்டைத்தான் பாடினார்: "லாரிமண்ட் பேங்க் இருக்குதுங்கள்ல, அதை எங்க மாப்பிள்ளைதான் பாத்துக்கறார்."

சத்தியமான வார்த்தை. அவன் அந்த வங்கியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். எப்போது சாகும், செத்தால் யார் தூக்குவது, யார் கொள்ளி வைப்பது என்று பார்த்துக்கொண்டிருந்தான். அதற்குத்தான் சம்பளம்.

விஷயம் இதுதான். ஒரு வங்கி பல நாடுகளில் கடை விரித்திருக்கும். நன்றாக ஓடுகிறவரை பிரச்சினையில்லை. நொடித்துப்போனால், அந்தந்த நாட்டு அதிகாரிகள் கையில் கிடைத்ததைச் சுருட்டிக்கொண்டு கதவைச் சாத்திவிடக் கூடாது, எல்லாரும் உட்கார்ந்து பேசிச் சேர்ந்து காரியம் பண்ண வேண்டும் என்று பெரியவர்கள் முடிவு செய்து, ஒவ்வொரு பெரிய வங்கிக்கும் ஒரு பன்னாட்டுக் குழு போட்டிருக்கிறார்கள். லாரிமண்ட் குழுவுக்குக் கூட்டம் கூட்டவும், யார் என்ன சொன்னார்கள் என்று எழுதவும், சாவுத் திட்டத்தை வருஷா வருஷம் தூசு தட்டிப் புதுசாக்கவும் பக்கத்து ஊர் இர்விங்கில் ஒரு கம்பெனி. அதில் ஒரு மேனேஜர் வாஞ்சிநாதன்.

வங்கியின் தலைமையகம் இருக்கும் நாட்டை அவன் மனசுக்குள் பிறந்த வீடு என்பான். கிளை இருக்கும் நாடு புகுந்த வீடு. பெண் நகையும் நட்டுமாக இருக்கும்போது இரண்டு வீட்டாரும் எங்கள் பெண் என்பார்கள். படுத்துவிட்டால், உங்கள் பெண், நீங்களே பாருங்கள் என்பார்கள். திட்டத்தின் ஆயிரத்துச் சொச்சம் பக்கங்களும் சொல்வது இவ்வளவுதான், ஆனால் இப்படிச் சொன்னால் யார் பணம் கொடுப்பார்கள்?

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஓர் ஏரிக்கரை ரிசார்ட்டில், லாரிமண்ட் கடை விரித்திருந்த மூன்று நாட்டு அதிகாரிகளும் ஒப்பந்தம் போட்டார்கள். ஒருவரிடம் ஒருவர் சொல்லாமல் யாரும் எதுவும் செய்யமாட்டோம் என்பது அதன் சாரம். குரூப் போட்டோ எடுத்தார்கள். வாஞ்சிநாதன் பேனாத் தட்டைப் பிடித்துக்கொண்டு ஓரத்தில் நின்றான், போட்டோவில் அவன் முழங்கை விழுந்திருக்கிறது. அன்றே அவனும் ஒரு கையெழுத்துப் போட்டான். வங்கியின் உடம்பு நிலை பற்றி வெளியே மூச்சு விட்டால் வேலை போகும், வழக்கும் வரும். வேலை போனால் விசா போகும். பதினோரு வருஷமாக நிற்கிற கிரீன் கார்டு வரிசை காற்றோடு போகும். ரகசியத்துக்கு நியாயமும் உண்டு. வங்கி தள்ளாடுகிறது என்று ஒரு வார்த்தை கசிந்தால், நிமிர்ந்து நிற்கிற வங்கிகூட மறுநாள் விழுந்துவிடும்.

அவன் வாயைக் கட்டிக்கொண்டான். மாமியாரின் வாயை எந்த ஒப்பந்தமும் கட்டவில்லை.

அந்த வாய் நியூஜெர்ஸி வரை எட்டியது. ஐசலினில் ஷ்யாமளாவின் அக்கா புஷ்பவல்லி இருந்தாள். ஷ்யாமளா யார் என்றால் வாஞ்சிநாதனின் மனைவி. புஷ்பவல்லியும் அவள் கணவர் குமாரசாமியும் வீட்டுச் சமையலறையிலிருந்தே பல வருஷமாக ஐ.டி. பசங்களுக்கு டப்பா சாப்பாடு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். ஓக் ட்ரீ ரோட்டில் ஒரு மெஸ் போட வேண்டும் என்பது அவளுடைய ஒரே ஆசை. அதற்காக ஈரோட்டில் தங்கள் பேரில் இருந்த வீட்டை விற்றார்கள். விற்ற பணத்தை எங்கே போடுவது என்ற கேள்வி வந்தபோது, ஐசலினிலேயே லாரிமண்ட் கிளை இருந்தது, அதை மாப்பிள்ளை வேறு பார்த்துக்கொள்கிறார். அவள் போன் பண்ணி அவனையே கேட்டாள்.

"லாரிமண்ட்ல போடலாங்களா தம்பி?"

"அதெல்லாம் நான் சொல்லக்கூடாதுக்கா."

பெரிய உத்தியோகத்தில் இருப்பவர்கள் இப்படித்தான் அடக்கமாகப் பேசுவார்கள் என்று அவள் எடுத்துக்கொண்டாள். அந்தக் கிளை சின்னத் தொகையெல்லாம் வாங்காது, பெரிய தொகை மட்டும்தான். அதுவும் அவளுக்குக் கௌரவமாகப் பட்டது. அமெரிக்க வங்கிகளுக்கு உள்ள அரசுக் காப்பீடு இந்த வெளிநாட்டுக் கிளைக்குக் கிடையாது, அதனால்தான் சின்னத் தொகை வாங்குவதில்லை என்பது சுவரில் எழுதியிருந்தது. சுவரில் எழுதியிருப்பதைப் படிக்கவா மனுஷர்கள் வங்கிக்குப் போகிறார்கள்?

போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம், கலிபோர்னியா பே ஏரியாவிலிருந்து அவனுடைய பாஸ் ஜெயபிரகாஷ் கூப்பிட்டார்.

"வாஞ்சி, வீக்எண்ட் பிளான் எல்லாம் கேன்சல் பண்ணிடு. லாரிமண்ட் முடிஞ்சுது. நாளைக்குக் காலைல கான்ஃபரன்ஸ் கால். நம்ம பிளானை முதல் தடவை நிஜமா ரன் பண்ணப் போறோம்பா."

அவர் குரலில் ஒரு கல்யாணக் களை இருந்தது.

சனிக்கிழமை காலை வாஞ்சிநாதன் வீட்டு ஆபீஸ் ரூமில் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தான். மூன்று நாடுகளும் திரையில் வந்தன. முதலில் யார் பேசுவது என்பதில் கொஞ்ச நேரம் போனது. பிறந்த வீட்டு அம்மையார், எல்லா நாடுகளின் வாடிக்கையாளர்களையும் சமமாகக் கருதுகிறோம் என்றார். புகுந்த வீட்டு அதிகாரி, அந்தப் பெருந்தன்மையை ஆழமாகப் பாராட்டுகிறோம் என்றார். மூன்றாவது நாட்டுக்காரர் ரொம்ப நேரம் மியூட்டிலேயே உணர்ச்சிகரமாகப் பேசினார், யாரும் தடுக்கவில்லை. பிறகு கூட்டறிக்கை. 'நெருங்கிய ஒத்துழைப்பு' என்று போடுவதா, 'மிக நெருங்கிய ஒத்துழைப்பு' என்று போடுவதா என்பதில் பிறந்த வீடும் புகுந்த வீடும் முட்டிக்கொண்டன. 'மிக' போட்டால் சட்டப்படி ஏதாவது தலையில் விழுமா என்று வக்கீல்களைக் கேட்கப் போனார்கள். ஐசலின் கிளையில் எவ்வளவு பணம் இருக்கிறது என்று ஒருவரும் ஒருவரைக் கேட்கவில்லை. கேட்டால் மரியாதையாக இருக்காது.

அந்த இடைவேளையில் அவன் காபிக்கு வெளியே வந்தான். கிச்சனில் ஷ்யாமளா ஸ்பீக்கரில் பேசிக்கொண்டிருந்தாள்.

"தோ, அவரே வந்துட்டார். நீயே கேளுக்கா."

"தம்பி, நல்லா இருக்கீங்களா? மெஸ்ஸுக்கு லீஸ் சைன் பண்றோங்க, திங்கக்கிழமை. செக் வேணும்னு ஓனர் சொல்றாரு. இன்னைக்கு மத்தியானம் வரைக்கும் லாரிமண்ட் திறந்திருக்கு. இப்பவே போய் மொத்தமா எடுத்துரலாம்னு எங்க வீட்டுக்காரரு சொல்றாரு. அம்மாதான் சனிக்கிழமையும் அதுவுமா பணத்தை வெளிய எடுக்காத, திங்கக்கிழமை நல்ல நாளுங்கறாங்க. நீங்க சொல்லுங்க. நீங்க சொல்றபடி பண்றோம்."

ஒரு வார்த்தை போதும். இன்றைக்கே போங்கள் என்று சொன்னால் போதும். காரணம்கூடக் கேட்கமாட்டாள். வேலை, விசா, பதினோரு வருஷம், இந்த வீடு, வழக்கு என்று வாஞ்சிநாதன் மனசில் வரிசையாக ஓடியது. கூடவே அவனுடைய கிறுக்கு மூளை ஒரு சமாதானமும் சொன்னது: மூன்று நாடுகள் ஒப்பந்தம் போட்டிருக்கின்றன, பணம் கிளையில் பத்திரமாக இருக்கும், திட்டப்படி எல்லாருக்கும் சமமாகக் கிடைத்துவிடும். அந்தத் திட்டத்தை எழுதியதே அவன்தான். அப்படியிருந்தும் அதை நம்பினான் என்றால், பயம் மனுஷனை என்னவெல்லாம் நம்ப வைக்கிறது என்று பாருங்கள்.

"உங்க இஷ்டம்க்கா," என்றான்.

"அப்ப திங்கக்கிழமையே எடுத்துக்கறோங்க. நல்ல நாள்தானே."

ஷ்யாமளா அவனுக்குக் காபியைக் கொடுத்தாள். அவன் அதை அப்படியே ரூமுக்கு எடுத்துக்கொண்டு போய் ஆறவிட்டான்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலத்துக்குள் சாயம் வெளுத்தது. பிறந்த வீடு சனிக்கிழமை மத்தியானம் கிளை மூடியதுமே, யாருக்கும் சொல்லாமல், ஐசலின் கிளையில் இருந்த பணத்தைத் தலைமையகத்துக்கு வழித்து எடுத்துவிட்டது. தங்கள் ஊர்க்காரர்களுக்கு முதலில் கொடுக்க வேண்டுமாம். புகுந்த வீடு சனிக்கிழமையே, யாருக்கும் சொல்லாமல், கிளையை முடக்க உத்தரவு எழுதி வைத்திருந்தது. அதைக் கொண்டு போய்ப் பார்த்தால் முடக்க அங்கே மேஜை நாற்காலிதான் மிச்சம். மூன்றாவது நாடு வியாழக்கிழமையே தன் பங்கைப் பூட்டி வைத்துவிட்டுத்தான் மியூட்டில் அழுதிருக்கிறது. மூன்று நாட்டு ஒப்பந்தத்தை எழுத்துக்கு எழுத்து காப்பாற்றிய ஒரே பிரஜை காப்பெல்லில் காபியை ஆறவிட்டுக்கொண்டிருந்தவன்தான்.

திங்கட்கிழமை, அந்த நல்ல நாளில், கிளைக் கதவில் ஒரு தாள் ஒட்டியிருந்தது. விண்ணப்பம் போடுங்கள், கிடைப்பதை வரிசைப்படி தருவோம், வருஷங்கள் ஆகலாம் என்றது. கூட்டறிக்கையும் அன்றே வந்தது. 'மிக' போட்டிருந்தார்கள்.

ஓக் ட்ரீ ரோட்டுக் கடையை ஓனர் அடுத்த வாரமே ஒரு போபா டீக்கடைக்காரனுக்குக் கொடுத்துவிட்டார். குமாரசாமி மறுபடியும் விடியற்காலையில் எழுந்து டப்பாவுக்கு மூடி போட்டுக்கொண்டிருந்தார். ஷ்யாமளா வாஞ்சிநாதனிடம் ஒன்றும் கேட்கவில்லை. சாப்பாடு போட்டாள், துணி மடித்தாள், அவன் முகத்தைப் பார்க்கவில்லை. அவள் கேட்டிருந்தால்கூடத் தேவலை என்று அவனுக்கு இருந்தது. பாத்ரூமுக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அவன் அழுத விஷயம் இந்தக் கதை சொல்கிறவனுக்கு மட்டும்தான் தெரியும், உங்களுக்கும் இப்போது தெரிந்துவிட்டது.

ஆபீஸில் கொண்டாட்டம். ஒரு தகவல்கூடக் கசியாமல் பன்னாட்டுக் காரியம் முடிந்தது உலகத்துக்கே முன்னுதாரணம் என்று ஜெயபிரகாஷ் நேரில் வந்து கண்ணாடிக் கேடயம் கொடுத்தார். கையோடு அடுத்த வங்கியையும் கொடுத்தார். "கிரெஸ்வெல். கொஞ்சம் அர்ஜென்ட்பா. ரொம்ப நாள் தாங்காது." வாஞ்சிநாதன் புதிதாக ஒரு கையெழுத்துப் போட்டான்.

கேடயம் வந்த வாரச் சனிக்கிழமை டின்னருக்கு உட்கார்ந்தபோது புஷ்பவல்லி கூப்பிட்டாள். ஷ்யாமளா ஸ்பீக்கரில் போட்டாள்.

"தம்பி, எங்க பணத்தை விடுங்க. வந்தா வருது. உங்க பேங்க்கே போயிருச்சே, உங்க வேலை என்னங்க ஆகும்? அதை நினைச்சுத்தான் எனக்குத் தூக்கமே இல்லீங்க. விசா வேற இருக்கு. பாவம், நீங்க எவ்வளவு உழைச்சிருப்பீங்க."

வாஞ்சிநாதன் கையிலிருந்த சப்பாத்தியைத் தட்டில் வைத்தான். "வேலை இருக்குக்கா," என்றான்.

"அப்பா, முருகன் காப்பாத்தினான். வேற பேங்க்ல சேத்துட்டாங்களா? அப்ப அதுலயே போட்டுடறோங்க. மெஸ்ஸுக்குப் பாத்திரம் வாங்கத் தனியா வெச்சிருந்தது கொஞ்சம் இருக்கு. எந்த பேங்க்னு சொல்லுங்க."

"அதெல்லாம் நான் சொல்லக்கூடாதுக்கா."

அவன் அதைச் சொன்ன விதத்தில் ஷ்யாமளா பல நாளைக்குப் பிறகு முதல் தடவையாக அவன் முகத்தைப் பார்த்தாள். பார்த்தபடியே போன் பக்கம் குனிந்தாள்.

"உங்க ஏரியால எந்தெந்த பேங்க் இருக்குக்கா? ஒண்ணொண்ணா சொல்லு."

"ஆஷ்டன்வில் இருக்கு."

வாஞ்சிநாதன் சப்பாத்தியைப் பிய்த்தான்.

"பைன்மோர் இருக்கு. கிட்டக்கதான்."

பருப்பைத் தொட்டுக்கொண்டான்.

"அப்புறம் கிரெஸ்வெல்னு ஒண்ணு, புதுசா திறந்திருக்காங்க. வட்டி நல்லா தர்றாங்களாம்."

வாஞ்சிநாதன் டம்ளரை எடுத்துத் தண்ணீர் குடித்தான். டம்ளர் காலியாகும்வரை குடித்தான், காலியான பிறகும் கீழே வைக்கவில்லை. அந்தக் காலி டம்ளரை அவள் பார்த்தாள்.

"கிரெஸ்வெல் வேணாம்க்கா," என்றாள் ஷ்யாமளா. "அந்தப் பக்கமே போகாத."

"ஏன்டி, தம்பி ஒண்ணுமே சொல்லலியே."

"ஒண்ணும் சொல்லலதான். நான் சொல்றேன், கேளு."

மூன்று நாடுகளும் ஆயிரம் பக்கமும் ஏரிக்கரை ரிசார்ட்டும் சேர்ந்து செய்ய முடியாததை அக்காவும் தங்கையும் ஒரு நிமிஷத்தில் முடித்துவிட்டார்கள். போன் கட்டானது. ஷ்யாமளா எழுந்து போய் அவனுடைய டம்ளரில் தண்ணீர் நிரப்பிக்கொண்டு வந்து எதிரில் வைத்தாள்.

"அன்னைக்கு அக்கா கேட்டப்பவும் ஒரு வாய் குடிச்சிருக்கலாமேங்க," என்றாள்.