எதிர்ப்பக்கம் விஜயபாண்டி

என் தம்பி விஜயபாண்டியுடன் பேச்சு நின்று இரண்டு வருடமாகிறது. அக்கா மகள் சடங்குப் பத்திரிகையில், தாய்மாமன் வரிசையில் தன் பெயரை மேலே போட்டு என் பெயரைக் கீழே போட்டுவிட்டான். மூத்தவன் நானா அவனா? மண்டபத்திலேயே கத்திவிட்டுச் சாப்பிடாமல் கிளம்பி வந்தேன். அவன் ஸ்ரீவில்லிபுத்தூரில் குடும்பத்தோடு இருக்கிறான். நான் ராஜபாளையத்தில் ஒரு நூற்பாலை ஆபீஸ் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொண்டு, மாடி அறையில் தனிக்கட்டையாக இருக்கிறேன். பஸ் ஏறினால் அரை மணி நேரம். ஏறியதில்லை.

ஆனால் ஞாயிறு மூன்று மணிக்கு இருவரும் அவரவர் ஊரிலிருந்தே கம்ப்யூட்டரில் கேரம் ஆடுவோம். ஒன்றாக இருந்த காலத்தில் நான் ஏற்றிக் கொடுத்த பழைய விளையாட்டு. அதில் பேச வழியில்லை, அதனால் வீறாப்பையும் விட வேண்டியதில்லை. எதிர்ப்பக்கம் அவன் பெயர் வந்ததும் எனக்கு மனசு நிறைந்துவிடும்.

கொஞ்ச நாளாக அவன் ஆட்டம் மாறியிருந்தது. எடுத்ததும் சிவப்புக் காய்க்குப் பாய்கிற அவசரக்காரன், நிதானமாக ஆடினான். எனக்குத் தோதான காய்களை விட்டும் வைத்தான். மன்னிப்புக் கேட்கிறான் பயல் என்று நினைத்து எனக்குள் குளிர்ந்து போனேன். வாயைத் திறந்து கேட்கட்டும், பொறவு பார்க்கலாம் என்றும் இருந்தேன்.

சென்ற வியாழன் பஸ் ஸ்டாண்டில் அவன் மனைவி பாண்டிசெல்வி எதிரே வந்தாள். கையில் எக்ஸ்ரே கவர்.

"யாருக்கு?" என்றேன்.

"அவியளுக்குத்தான் அத்தான். வண்டியில விழுந்து வலது கை முறிஞ்சு அஞ்சு வாரமாச்சு."

"போன ஞாயித்துக்கிழமைகூட எங்கூட ஆடுனானே?"

அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "கட்டுப் போட்ட கையோடயா? மொத ரெண்டு வாரம் இடக்கையால தட்டிக்கிட்டு உங்களுக்காக உக்காந்திருந்தாவ. நீங்க வரவே இல்ல. பொறவு அந்தப் பக்கமே போறதில்ல."

அறைக்கு வந்து கம்ப்யூட்டரைத் திறந்தேன். அஞ்சு நிமிடத்தில் விஷயம் தெரிந்துவிட்டது. ஆறு வாரத்துக்கு முன்பு இடம் அடைக்கிறது என்று சுத்தம் செய்திருந்தேன். விளையாட்டின் ஃபோல்டரில் இருந்த ஒரு டிஎல்எல் கோப்பு, அதே பெயரில் விண்டோஸ் ஃபோல்டரிலும் இருந்தது. பல புரோகிராம்கள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்துகிற கோப்புதானே, ஒன்று போதும் என்று விளையாட்டில் இருந்ததை அழித்தேன். மிச்சமிருந்தது புதிய பதிப்பு. பழைய விளையாட்டுக்கு அது ஒத்துவராது.

பலகை வரைவதும் காய் ஓடுவதும் விளையாட்டின் வேலை. அடுத்த ஊர்க் கம்ப்யூட்டரோடு பேசுவது மட்டும் அந்தக் கோப்பின் வேலை. அது கிடைக்கவில்லை என்றால் வேறு விளையாட்டுகள் திறக்காமல் அடம்பிடிக்கும். இது என்ன செய்தது என்றால், எதிர்ப்பக்கம் கம்ப்யூட்டரையே உட்கார வைத்து, கடைசியாக ஆடியவன் பெயரை அதற்குக் கொடுத்துவிட்டது. ஊருக்கெல்லாம் கம்ப்யூட்டர் பார்க்கிறவன், ஆறு வாரம் ஒரு மெஷினின் மன்னிப்பில் மகிழ்ந்திருக்கிறேன்.

ரீசைக்கிள் பின்னில் கோப்பு இன்னும் கிடந்தது. மீட்டு வைத்துவிட்டுப் போனை எடுத்தேன்.

"ஏலே, நாந்தான். கை எப்படி இருக்கு?"

தம்பிதான் எடுத்திருந்தான்.

"இப்பத்தான் கேக்கத் தோணுச்சோ?"

"நான் வாராவாரம் வந்தேம்லே. ஆறு வாரத்துக்கு முந்தி ஒரு ஃபைல அழிச்சிட்டேன். அதுல உன் பேர்ல கம்ப்யூட்டரே..." சொல்லச் சொல்ல எனக்கே அது சாக்காகத்தான் கேட்டது.

"அண்ணே, கம்ப்யூட்டர் எது நான் எதுன்னு ஆறு வாரமா ஒங்களுக்குத் தெரியல, என்ன?" என்றான். வைத்துவிட்டான்.

ஞாயிறு மூன்று மணிக்கு உட்கார்ந்தேன். கோப்பு சரியாக வேலை செய்தது, எதிர்ப்பக்கம் காலியாகவே இருந்தது. இருபது நிமிடம் கழித்து, யாரும் வரவில்லை, கம்ப்யூட்டருடன் ஆடலாமா என்று விளையாட்டு கேட்டது.

வேண்டாம் என்று அழுத்தினேன். அடுத்த இருபதாவது நிமிடம் திரும்பவும் கேட்டது. கம்ப்யூட்டரை அணைத்துவிட்டு, சட்டையை மாட்டிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தேன்.