எழுதிக் கொடுத்த சொல்

செவ்வாய்க்கிழமை பின்னேரம் நாலே காலுக்கு அக்கராயன் சந்தியில் பஸ் நின்றது. தர்மிளா இறங்குவதற்குள் நடத்துனர் அவளை அடையாளம் கண்டுகொண்டான்.

"ஓமுங்க, இறங்குங்க!"

பஸ் முழுவதும் சிரித்தது. அவளும் சிரித்தாள். தொழில் அப்படி.

கொழும்பில் எடுக்கப்படும் தொலைக்காட்சித் தொடரில் அவள் வேலைக்காரி செல்லாயி. மூன்று நாள் வேடம் என்றுதான் கூப்பிட்டார்கள். எழுதிக் கொடுத்த வசனத்தில் "சரி அம்மா" என்று மட்டும் இருந்தது. அவள் கழுத்தை ஒரு பக்கம் சாய்த்து, சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு, "ஓமுங்க" என்றாள். கமராக்காரர் சிரிப்பை அடக்க முடியாமல் திரும்பிக்கொண்டார்.

"இதை எங்கை பிடிச்சனீர்?" என்று இயக்குநர் கேட்டார்.

"சும்மா வந்தது சேர்."

இப்போது இருநூற்றுப் பன்னிரண்டு அத்தியாயங்கள் ஆகிவிட்டன.

சும்மா வரவில்லை. அவளுடைய அம்மா வடிவம்மா மலையகத் தோட்டத்தில் பிறந்து, இனக்கலவரத்துக்குப் பிறகு சிறுமியாக வன்னிக்கு வந்தவள். வந்த ஊரில் ஆமென்பதற்குச் சொல்லும் "ஓம்" நாக்கில் ஏறிக்கொண்டது. பிறந்த இடத்தின் "ங்க" இறங்கவில்லை. தர்மிளா ஏழாம் ஆண்டு படிக்கும்போது பெற்றோர் கூட்டத்தில் அம்மா ஆசிரியைக்கு "ஓமுங்க" என்று பதில் சொன்னாள். பிள்ளைகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அடுத்த நாள், அவர்கள் தொடங்குவதற்கு முன்பே, தர்மிளா கழுத்தைச் சாய்த்துச் சொல்லிக் காட்டினாள். அதன் பிறகு அவளை யாரும் நக்கலடிக்கவில்லை. அவள் நடித்த முதல் வேடம் அதுதான்.

ஆறு மாதமாக அம்மா தொலைபேசியில் "ம்" மட்டுமே சொல்கிறாள். மன்னிப்புக் கேட்கத்தான் தர்மிளா வந்திருந்தாள்.

வீட்டில் பக்கத்து வளவுச் சிவனேஸ்வரி கதிரை போட்டு உட்கார்ந்திருந்தாள்.

"எடியே, டிவியிலை கொழுத்துத் தெரியுறாய். நேரிலை தும்புத்தடி மாதிரி இருக்கிறாய்!" போனை நீட்டினாள். "ஒருக்காச் சொல்லு பிள்ளை. கனடாவிலை தங்கச்சிக்கு அனுப்ப வேணும்."

குசினி வாசலில் அம்மா தேநீரோடு நின்றாள்.

"தொண்டை சரியில்லை அன்ரி."

"அப்ப வடிவம்மா, நீர் சொல்லும். ஆர் கண்டது, உமக்கும் ஒரு வேசம் கிடைக்கும்."

அம்மா தேநீரைக் கொடுத்தாள்.

"பகிடிக்குச் சொன்னனான். கோவமே?"

"இல்ல அக்கா."

"நாளைக்குப் புல்லுப் பிடுங்க வாறீரோ?"

"ஓம்" என்றாள் அம்மா. உடனே உதட்டை இறுக்கிக்கொண்டாள். மிச்சத்தை விழுங்கியது தொண்டையில் தெரிந்தது. தர்மிளா முற்றத்தைப் பார்த்தாள்.

சிவனேஸ்வரி போனதும் அம்மா அருகில் வந்து உட்கார்ந்தாள்.

"தொண்டைக்குக் கொத்தமல்லி அவிச்சுத் தரவா?"

"வேண்டாம். அம்மா, அந்த நாடகம்..."

"வெக்கப்படாத புள்ள. ஒம் மேல எனக்குக் கோவம் இல்ல."

தர்மிளா தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தாள்.

"கோயில் கெணத்தடியில எல்லாரும் என்னையச் சொல்லிச் சிரிச்சாக. நான் விடல. எழுதுறவன் கொழும்புல இருந்துக்கிட்டு என்னத்தையாச்சும் எழுதிக் குடுப்பான், எம் புள்ள என்ன செய்யும்னு கேட்டேன். பெத்தவள வித்துத் திங்கிற புள்ளயா அதுன்னு கேட்டேன். ஒருத்தியும் வாய தொறக்கல."

அம்மா அவளுடைய முகத்தைப் பார்த்தாள்.

"நான் கேட்டது சரிதானே புள்ள?"