கீபோர்டுல வேலை

1

இந்தக் கதை என் அக்கா சொன்ன ஒரு வாக்கியத்திலிருந்து பிறந்தது. நான் கதை எழுதுகிறவள். பொய் சொல்வதுதான் என் பிழைப்பு. அக்காவோ ஒரு பொய்கூடச் சொல்லாமல் எங்கள் அப்பாவை ஆறு வருடம் ஏமாற்றியிருக்கிறாள். அந்தப் பொறாமையில்தான் எழுத உட்கார்ந்தேன்.

அப்பா இன்சூரன்ஸ் கம்பெனியில் கிளை மேனேஜர். பாலிசியின் அடியில் பொடி எழுத்தில் அச்சிட்டிருப்பதையும் விடாமல் படிப்பவர். அவரிடம் போய் அக்கா தனக்கு ஒருவரைப் பிடித்திருப்பதாகச் சொன்னாள்.

"பையன் என்ன பண்றான்?"

"கீபோர்டுல வேலைப்பா."

"சொந்தமாவா, கம்பெனியா?"

"அஞ்சு பேர் சேர்ந்து பண்றாங்க. மாசம் நாலு ப்ரோகிராமாவது பண்ணிடுவார்."

"நைட் ஷிஃப்ட்லாம் இருக்குமே?"

"நைட்டுதான்பா எல்லாமே."

"நல்ல ஃபீல்டு" என்றார் அப்பா. கல்யாணம் ஆகிவிட்டது.

2

முதல் வரிக்கு நான் பட்ட பாட்டையும் சொல்லிவிடுகிறேன்.

"ஜாஸ்-ஃபங்க் இசை வரலாற்றில் என் அத்தானுக்கு ஓர் இடம்..." அடித்துவிட்டேன். அந்த இடம் ஒரு ஹோட்டல் வரவேற்பறையில், லிஃப்டுக்கும் கழிவறைக்கும் நடுவில் இருந்தது. நாலு வருடம் அங்கே உட்கார்ந்து கீபோர்டு வாசித்தார். அவரிடம் வந்து பேசிய ரசிகர்களில் பெரும்பாலானவர்கள் கேட்டது கழிவறைக்கு வழி.

"அவர் விரல்கள் கட்டைகளின் மேல் மழைபோல..." இதையும் அடித்தேன். விரல்களை மழை என்று எழுதுகிறவர்களோடு எனக்குப் பேச்சுவார்த்தை கிடையாது.

ஜாஸ்-ஃபங்க் என்றால் என்ன என்று கேட்பீர்கள். ஒழுங்காகப் புறப்பட்ட பாட்டு நடுவில் வழிதவறிப் போய்விட, ஐந்து பேரும் தேடிப் பிடித்துக் கூட்டிவருவது ஜாஸ். அப்படித் தேடும்போது கேட்கிறவர்களுக்கு இடுப்பு ஆடினால், அது ஃபங்க்.

[இதைப் படித்துவிட்டு அத்தான் சொன்னது: "வழிதவறுறதெல்லாம் இல்ல. வேணும்னேதான் சுத்திட்டு வர்றோம். மாத்தி எழுது." மாற்றவில்லை.]

அவர் பாடகரானதற்கும் பெரிய காரணம் இல்லை. குழுவின் பாடகருக்கு பேங்கில் வேலை கிடைத்துவிட்டது. "உனக்கு ரெண்டு கைதானே வேலையா இருக்கு, வாய் சும்மாதானே இருக்கு?" என்று டிரம்மர் கேட்டிருக்கிறார். இப்படித்தான் ஒரு கலைஞன்... (இந்த வாக்கியத்தை முடிக்க எனக்கே கூச்சமாக இருக்கிறது.)

3

உண்மையை ஏன் சொல்லவில்லை என்று அக்காவைக் கேட்டேன். "சொல்லலாம்னுதான் இருந்தேன். அதுக்குள்ள அப்பா கம்ப்யூட்டர் வாங்கிட்டார்" என்றாள்.

அதன்பிறகு ஞாயிறு தவறாமல் அப்பாவிடமிருந்து போன் வரும்.

"மாப்ள, கர்சர் நகரலை. அமுக்கிப் பார்த்தேன். தட்டிப் பார்த்தேன். அசையவே மாட்டேங்குது."

அத்தானுக்குக் கம்ப்யூட்டர் பற்றித் தெரிந்தது ஒன்றே ஒன்று. "ஆஃப் பண்ணிட்டு ஆன் பண்ணுங்க மாமா."

போனில் சுவிட்ச் தட்டும் சத்தம். பிறகு, "வந்துடுச்சு மாப்ள!"

என் மாப்பிள்ளை ஒரு மேதை என்று அப்பா அலுவலகம் பூராவும் சொல்லிவைத்தார்.

இங்கே அத்தான் என்ற பாத்திரத்தின் மேல் எனக்கே சந்தேகம் வந்தது. மாட்டிக்கொள்வோம் என்று பயப்பட வேண்டிய மனிதர், ஞாயிறு காலையானால் போனைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தார். கதைக்குப் பொருந்தவில்லையே என்று அவரிடமே கேட்டேன்.

"உங்கப்பா பேசுறதுல ஒரு தாளம் இருக்கு, கவனிச்சிருக்கியா? அமுக்கிப் பார்த்தேன், தட்டிப் பார்த்தேன். அப்படியே டிரம்ஸ் போடலாம்."

போட்டார்கள். அதுதான் அவர்களுடைய ஒரே ஹிட். மேடையில் அத்தான் "கர்சர் நகரலை மாப்ள" என்று உருகுவார். குழு "ஆஃப் பண்ணுங்க!" என்று கத்த, கூட்டம் "ஆன் பண்ணுங்க!" என்று திருப்பிக் கத்தும்.

4

இப்போது ஒரு தற்செயல் வருகிறது. நானாக யோசித்திருந்தால் இப்படி ஒன்றை வைத்திருக்கமாட்டேன்.

"ஏதோ ஆபீஸ் ஆண்டு விழா" என்று மட்டும் ஏஜென்ட் சொல்லி ஒரு நிகழ்ச்சியைப் பிடித்துக்கொடுத்தார். தன் ஆபீஸ் ஆண்டு விழாவுக்கு அப்பா எங்கள் எல்லோரையும் அழைத்திருந்தார். மாப்பிள்ளைக்கு மட்டும் அன்றைக்கு ப்ரோகிராம் இருந்தது. திரை விலகியது. முதல் வரிசையில் அப்பா. அத்தான் அவரைப் பார்ப்பதற்குள் டிரம்மர் ஹிட்டை ஆரம்பித்துவிட்டார்.

அப்பாவின் குமாஸ்தாக்கள் எல்லோரும் எழுந்து நின்று அப்பாவின் புலம்பலுக்கு ஆடினார்கள். "ஆன் பண்ணுங்க!" என்று அதிகச் சத்தமாகக் கத்தியவர் அப்பாவின் உதவி மேனேஜர். இரண்டாவது சரணத்தில் அப்பா எழுந்தார். பக்கவாட்டுக் கதவு வழியாக வெளியே போனார்.

ஏன் எழுந்தார்? அந்த நேரம் பார்த்து நான் கீழே விழுந்த மூக்குக்கண்ணாடியைத் தேடிக்கொண்டிருந்தேன். அதனால் மற்றவர்களைத்தான் நம்ப வேண்டியிருக்கிறது.

அக்கா: "அவமானம் தாங்காம போயிட்டார்."

அம்மா: "சுகர்டி. அரை மணிக்கொருதரம் எழுந்திருப்பார்."

அத்தான்: "எழுந்திருக்கும்போது தலை ஆடுச்சு. தாளத்துக்கு. நான் பார்த்தேன்."

அப்பா யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. மூன்று மாதமாக ஞாயிற்றுக்கிழமை போன் வரவில்லை. கூட்டம் எவ்வளவு கேட்டாலும் அத்தான் அந்தப் பாட்டைப் பாடுவதில்லை. "அவர் பேசாம எப்படிப் பாடறது?" என்கிறார். அத்தானுக்கு என் அப்பாவை உண்மையிலேயே பிடிக்கும். நகைச்சுவைக் கதையில் இதை எங்கே வைப்பது என்று தெரியாமல் இங்கே வைத்துவிட்டேன்.

5

இன்று காலை அப்பா அக்காவைப் போனில் கூப்பிட்டார். "மாப்பிள்ளைக்கு ஒரு கீபோர்டு வாங்கி வச்சிருக்கேன். வந்து எடுத்துட்டுப் போகச் சொல்லு." வைத்துவிட்டார்.

நான் உடனே அம்மாவுக்கு போன் போட்டேன்.

"பெட்டி எவ்வளவு பெருசும்மா?"

"பெட்டி மாதிரிதான்டி இருக்கு."

"நீளமா, குட்டையா?"

"மேல துணி போட்டு மூடி வச்சிருக்கார். அடுப்புல வேலையா இருக்கேன், வை."

ஆகவே முடிவுகள்:

(அ) பெட்டி சிறியது. உள்ளே கம்ப்யூட்டர் எழுத்துகள். 'இனியாவது ஒழுங்கான வேலையைப் பாருங்க' என்று அர்த்தம்.

(ஆ) பெட்டி நீளமானது. உள்ளே கறுப்பு வெள்ளைக் கட்டைகள். இதற்கு அர்த்தம் எழுதினால் எனக்கு அழுகை வந்துவிடும், நகைச்சுவை கெட்டுவிடும்.

(இ) அப்பா "கீபோர்டு" என்று கேட்க, கடைக்காரர் கையில் கிடைத்ததை எடுத்துக் கொடுத்திருக்கலாம். எங்கள் குடும்பத்தை அறிந்தவள் என்ற முறையில் இதை என்னால் ஒதுக்கவே முடியவில்லை.

6

இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே அக்காவிடமிருந்து ஒரு மெசேஜ் வந்தது.

"கிளம்பிட்டோம். இந்த மனுஷன் காரோட பின் சீட்டை மடக்கி வச்சிருக்கார். எதுக்குன்னு நான் கேக்கல."

அவர்கள் போய்ச் சேர இன்னும் நேரமிருக்கிறது. அதற்குள் கதையை உங்களிடம் கொடுத்துவிட்டு நான் எழுந்துகொள்கிறேன். பெட்டியின் நீளத்தை நீங்களே முடிவுசெய்யுங்கள். சீட்டை மடக்கியாகிவிட்டது என்பதை மட்டும் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.