சாராள் வீட்டு சாலட்

சாராளுக்கு ஒரே வயிற்றெரிச்சல். காரணம், மருமகள் மகிமா இரண்டு நாளாக வாந்தி எடுக்கவில்லை.

மகிமாவுக்கு மூன்றாம் மாதம். சாராள் கொடுத்த கஞ்சி, ரசம், இட்லி எதுவும் அவள் வயிற்றில் அரை மணி நேரம் தங்கியதில்லை. அல்லிநகரத்தில் யார் வீட்டில் விசேஷம் என்றாலும் பிரியாணிக்கு உப்புப் பார்க்கச் சாராளைத்தான் கூப்பிடுவார்கள். அந்தக் கை ஆக்கிப் போட்டதெல்லாம் வாஷ்பேசினுக்குப் போனது. போகட்டும், மசக்கை என்று மனதைத் தேற்றிக்கொண்டிருந்தாள். அப்போதுதான் கீழ் போர்ஷனில் வாடகைக்குக் குடியிருக்கும் ஏஞ்சல் ஒரு டப்பாவோடு மாடி ஏறி வந்தாள்.

ஏஞ்சல் முன்பு குமுளியில் ஒரு ரிசார்ட் சமையலறையில் வேலை பார்த்தவள். டப்பாவில் இருந்தது சாலட். விதை எடுத்த பன்னீர் திராட்சை, கொய்யாத் துண்டு, வறுத்த முந்திரி, சீஸ், மேலே கொஞ்சம் எலுமிச்சைச் சாறும் மிளகும். அடுப்பு காட்டாத சாப்பாடு! ஆடு மாடுதான் அப்படித் தின்னும் என்று சாராள் நினைத்தாள். மகிமா டப்பாவை வழித்துத் தின்றாள். வாந்தியும் வரவில்லை.

"டாக்டரம்மா சொன்னாகல்ல அத்தை, எது நிக்கிதோ அதச் சாப்பிடுன்னு. இது நிக்கிது!" என்றாள்.

நிற்கட்டும், சந்தோஷம்தான். ஆனால் பேரப்பிள்ளைக்கு முதல் சோறு எவளோ ஒருத்தி கையாலா? சாராளுக்கு அன்று தூக்கம் பிடிக்கவில்லை.

மூன்றாம் நாள் காலையில் கடைக்குப் போய் எல்லாம் வாங்கி வந்தாள். திராட்சை விதையை ஊக்கால் நோண்டி எடுத்ததில் நகக்கண் எல்லாம் கறுத்தது. எல்லாவற்றையும் கலந்து ஒரு வாய் ருசி பார்த்தாள். பச்சையாக, மொட்டையாக இருந்தது. முப்பத்தைந்து வருஷமாகத் தாளிக்காமல் அவள் எதையும் இறக்கியதில்லை. நல்லெண்ணெய் காயவைத்து, கடுகு, பெருங்காயம், கறிவேப்பிலை போட்டுச் சுடச்சுடக் கொட்டினாள். சீஸ் உருகித் திராட்சையோடு ஒட்டி, கிண்டி வைத்த பசை மாதிரி ஆயிற்று. மகிமா எழுந்திருக்கும் முன் அதை அவசரமாகக் குப்பை வாளியில் தள்ளினாள்.

அந்த நேரம் பார்த்து ஏஞ்சல் அன்றைய சாலட் டப்பாவோடு வந்து கதவைத் தட்டினாள்.

"அவ தூங்குறா. நான் குடுத்துக்கிறேன்" என்று சாராள் வாசலிலேயே டப்பாவை வாங்கிக்கொண்டாள். உள்ளே போய் அதைத் தன் பீங்கான் கிண்ணத்தில் கொட்டினாள். கொஞ்ச நேரத்தில் மகிமா எழுந்து வந்ததும், "இன்னைக்கு நானே செஞ்சேன்" என்று நீட்டினாள்.

மகிமா ஒரு வாய் மென்றாள். "அத்தை, ஏஞ்சலக்கா செஞ்சதவிட இதுதான் நல்லா இருக்கு!"

சாராளுக்கு உச்சி குளிர்ந்தது. திரும்பினால், காலி டப்பாவை வாங்கிப் போக வந்த ஏஞ்சல் கதவருகில் நின்றிருந்தாள். அவள் கிண்ணத்தைப் பார்த்தாள். பிறகு சாராளைப் பார்த்தாள்.

"பின்ன? ஆன்ட்டி கைப்பக்குவம் எனக்கு வருமா?" என்று சிரித்தாள் ஏஞ்சல்.

காட்டிக்கொடுத்திருந்தால்கூடப் பரவாயில்லை, வருகிற மாதமே வீட்டைக் காலி பண்ணச் சொல்லியிருக்கலாம். இப்போது சமையலில் மட்டுமல்ல, மனசிலும் அவளே ஒரு படி மேலே நின்றாள். நல்லவள் என்ற பெயரையும் இவளே தட்டிக்கொண்டு போவதா? சாராளால் தாங்க முடியவில்லை.

"நான் செய்யலத்தா. இவதான் செஞ்சா. நான் செஞ்சத நாய்கூட மோந்து பாக்காது" என்று படபடவென்று சொன்னாள்.

மகிமா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு மிச்சத்தையும் வழித்துத் தின்றுவிட்டுக் காலிக் கிண்ணத்தை நீட்டினாள். "எனக்கு இன்னும் வேணும்."

"கீழ கொஞ்சம் இருக்கு, எடுத்துட்டு வாரேன்" என்று ஏஞ்சல் திரும்பினாள்.

"நீ இங்கனயே நில்லு" என்று அவள் தோளைப் பிடித்து நிறுத்தினாள் சாராள். கிண்ணத்தை வாங்கிக்கொண்டு, மூட்டு வலியோடு ஒவ்வொரு படியாக இறங்கினாள். "செய்யிறதுதான் நீ செய்யிற. போடுறதாவது நான் போடுறேன்."