கமலாத்தாள் தண்ணீர் ஊற்றிய கம்பம்

1.

நான் எழுத உட்கார்ந்தது இந்தக் கதையை அல்ல, இடுக்கி மாவட்டம் பிறந்த கதையை. எழுபத்திரண்டில் கோட்டயத்திலிருந்து மூன்று தாலுகா, எறணாகுளத்திலிருந்து ஒன்று என்று எடுத்துச் சேர்த்தார்கள். கலெக்டர் ஆபீஸ் மட்டும் சில வருஷம் கோட்டயத்திலேயே இருந்தது. பிள்ளை ஒரு வீட்டில், தொட்டில் இன்னொரு வீட்டில். (நல்ல வாக்கியம்தான். ஆனால் மாவட்டத்துக்கு முகம் கிடையாது. ஆறாம் பக்கத்தில் கதை படுத்துவிட்டது.)

அப்போதுதான் பாலக்காட்டில் தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய வடகரப்பதியில் இருக்கும் நண்பர் அப்புசாமி ஒரு கம்பத்தைப் பற்றிச் சொன்னார். மாவட்டத்தைத் தூக்கி ஓரமாக வைத்தேன்.

2.

'எல்லை என்பது அதிகாரம் மண்ணில் எழுதும்...' வேண்டாம். கமலாத்தாள் படித்தால் சிரிப்பாள்.

கமலாத்தாள் அந்தப் பக்கம் வேலம்பதியில் காடு (மேட்டு நிலம்) வைத்து வெள்ளாமை செய்கிறவள். (ஊர்ப் பெயர் என் கற்பனை.) ஊருக்கு நடுவே வாய்க்கால். மேற்கே அவள் வீடு, கிழக்கே வரவிருந்த தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு அவள் எழுதிக் கொடுத்த நிலம். மகள் பொன்னாத்தாளுக்குப் பள்ளி வயசு வந்துவிட்டது. அந்த நேரம் பார்த்துப் பஞ்சாயத்தை இரண்டாகப் பிரிக்க அதிகாரி வந்தார். வரைபடத்தில் வாய்க்கால்தான் எல்லை. ஊர் இரண்டானால் எந்தப் பாதியிலும் பள்ளிக்கூடத்துக்குப் போதுமான பிள்ளைகள் இல்லை. பள்ளிக்கூடம் போய்விடும், பொன்னாத்தாள் மாடு மேய்ப்பாள்.

மனு கொடுத்துப் பார்த்தார்கள். ஒன்றும் நடக்கவில்லை.

3.

பங்குனி. மாரியம்மன் நோம்பி, அதாவது திருவிழா, சாட்டியிருந்தது. கோயிலைப் பிரித்துக் கட்டிக்கொண்டிருந்ததால் இந்த வருஷம் கம்பத்தை, பெண்கள் தினமும் மஞ்சள் தண்ணீர் ஊற்றிக் கும்பிடும் கவட்டை வேப்பங்கிளையை, எங்கே நடுவார்கள் என்று பலருக்கும் தெரியாது. சர்வே ஆட்களோ, கொண்டுவந்த இரும்புக் கம்பி போதாமல், கவட்டையுள்ள வேப்பங்கிளையை வெட்டிச் சிவப்புத் துணி கட்டி வாய்க்கால் கரையில் நட்டுவிட்டுப் போனார்கள்.

விடியற்காலையில் கமலாத்தாள் அதைப் பார்த்தாள். குடத்து மஞ்சள் தண்ணீரை ஊற்றிக் கும்பிட்டாள். பின்னாலேயே மேற்குக்கரைப் பெண்கள் ஊற்றினார்கள். கிழக்குக்கரைப் பெண்கள் குடத்தோடு வாய்க்காலில் இறங்கி ஏறி வந்து ஊற்றினார்கள்.

அதிகாரி வந்தார். "எந்தா இது? சர்வே கம்பில் யாரு தண்ணி ஒழிச்சது?"*

"நானுங்க" என்றாள் கமலாத்தாள். "கம்பம்னு நெனச்சுட்டனுங்க."

பூசாரி நஞ்சப்பன் தலையைச் சொறிந்தார். "தண்ணி ஊத்தியாச்சுங்க. இனி நோம்பி முடியாம புடுங்கப்படாதுங்க."

* ஒழிச்சது: ஊற்றியது. மலையாளம்.

4.

[இந்த இடத்தில் எனக்கு இவள்மேல் சந்தேகம். பிறந்ததிலிருந்து கம்பத்தைப் பார்த்தவளுக்கு சர்வேக் குச்சி தெரியாதா? 'தெரிந்தே ஊற்றினாள்' என்று எழுதினேன், அடித்தேன். 'பாவம், இருட்டில்' என்று எழுதினேன், அதையும் அடித்தேன்.]

அதிகாரி நல்ல மனுஷர். காத்திருந்தார். தினமும் காலையில் இரு கரையிலிருந்தும் குடங்கள் அதே கம்பத்துக்கு வருவதைப் பார்த்தார்.

"அக்கரைக்காரரும் இவிடெத்தான் வருமோ?"

"அக்கரைன்னு ஆருமில்லீங்க சார். ஊருக்குள்ள வாய்க்கா ஓடுதுங்க, அவ்வளவுதான்" என்றாள் கமலாத்தாள்.

 அதிகாரி வரைபடத்தை விரித்து, வாய்க்கால்மேல் போட்டிருந்த கோட்டை அழித்தார். எல்லை ஊருக்குக் கிழக்கே, கடைசிக் காட்டுக்கும் அப்பால் போனது. மேலிடமும் ஒத்துக்கொண்டது. வேலம்பதி ஒரே ஊர், பள்ளிக்கூடம் உண்டு. அன்று போட்ட குலவை கோயமுத்தூர் வரைக்கும் கேட்டிருக்கும். 

5.

முடிவுதான் பாக்கி. நோம்பி முடிந்து வழக்கப்படி கம்பத்தைக் கிணற்றில் விட்டாயிற்று. புது எல்லைக்கு அதிகாரியிடம் கம்பு இல்லை.

"நான் வெட்டித் தாரனுங்க" என்ற கமலாத்தாள், வேப்பங்கிளையைத் தோளில் போட்டுக்கொண்டு கிழக்கே நடக்கிறாள். பின்னால் ஊரே நடக்கிறது. அதிகாரி எட்டிப் பிடிக்க முடியாமல் வருகிறார்.

"மதி, மதி, இவிடெத்தான்" என்கிறார். மதி என்றால் போதும்.

"இன்னுங் கொஞ்சமுங்க சார்."

எங்கே நடுவாள் என்று நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். அவளை நிறுத்த எனக்கு மனசு வரவில்லை.