நாற்பது மீட்டர் வாக்கியம்

ஒரு கால்பந்து ஆட்டக்காரருக்காக ரசிகர்கள் பெரிய துணியில் படம் வரையும்போது, அவர் அந்தப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுக்கக் கூடாது. ப்ரெங்கனாவ் ஊரில் இதை யாரும் எழுதி வைத்ததில்லை. எழுதி வைத்திருந்தால் எவனாவது மீறியிருப்பான். சனிக்கிழமை ஆட்டம் தொடங்கும் முன், மைதானத்தின் வடக்குப் பக்கம் முழுவதையும் மூடிக்கொண்டு அந்தத் துணி எழும்பும். அப்போதுதான் அந்த ஆட்டக்காரர் அதை முதல்முறையாகப் பார்க்க வேண்டும், பார்த்துக் கண் கலங்க வேண்டும். கலங்காவிட்டால் அதையும் பத்து வருஷம் சொல்லிக் காட்டுவார்கள்.

அதனால், ஞாயிறு காலை பத்து மணிக்கு, அடுத்த துணிக்கு உரிய ஆட்டக்காரனான ஹென்னிங் ஃபோஸ்பெக்கே பழைய டிராம் கொட்டகையின் கதவைத் தட்டியபோது, திறந்த ரசிகர் மன்றத்து வால்புர்காவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அவளுக்கு அறுபத்தாறு வயது, கையில் பெயிண்ட் ரோலர், காலில் வெறும் சாக்ஸ்.

"அட கடவுளே! நீ எங்கடா இங்க? கண்ணை மூடு! மூடுடா முதல்ல!"

"வால்புர்கா, எனக்கு வோல்க்மாரைப் பாக்கணும்."

"சனிக்கிழமை பாரு. அதுக்கப்புறம் உனக்கு வேலையா வெட்டியா, ஆயுசு பூரா பாத்துக்கிட்டே இரு. இப்ப கிளம்பு."

"துணியில என்ன எழுதியிருக்கீங்கன்னு எனக்குத் தெரியும்."

வால்புர்காவின் முகம் தொங்கிவிட்டது. "எவன் உளறினான்?"

உளறியவர் அணியின் மசாஜ்காரர். வியாழக்கிழமை ஹென்னிங்கின் தொடையைப் பிசைந்துகொண்டே, "நாப்பது மீட்டர் நீளத்துக்கு நீ சொன்னதை அப்படியே எழுதியிருக்காங்கப்பா, என் பொண்டாட்டிதான் நீலம் அடிச்சா" என்று பெருமையாகச் சொல்லிவிட்டார். என்ன எழுதியிருக்கிறார்கள் என்று ஹென்னிங் கேட்டான். அவர் சொன்னார். அன்றிலிருந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை, தண்ணி இறங்கவில்லை.

பதினோரு வயதில் இந்தக் கிளப்புக்கு வந்தவன் அவன். இப்போது முப்பத்தாறு. பெரியவர்கள் அணியில் பத்தொன்பது பருவங்கள், எல்லாம் ஒரே சட்டையில். இரண்டு முறை இரண்டாம் பிரிவுக்கு ஏறினார்கள், இரண்டு முறை மூன்றாம் பிரிவுக்கு இறங்கினார்கள். கோப்பை என்று ஒன்றைக் கையால் தொட்டதில்லை. எதிரணியின் முன்களக்காரனை ஒட்டிக்கொண்டே ஓடி, அவன் ஆட்டத்தைக் கெடுப்பதுதான் ஹென்னிங்கின் வேலை. அந்த வேலைக்கு யாரும் சிலை வைப்பதில்லை. ஆனால் போனவர்கள் எல்லாம் போய்க்கொண்டே இருந்த ஊரில் இவன் ஒருவன் போகாமல் இருந்தான். அதற்காக ஊர் அவனைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டாடியது. வரும் சனிக்கிழமை அவனுடைய கடைசி ஆட்டம்.

துணியில் இருந்தது அவனே பன்னிரண்டு வருஷத்துக்கு முன் உள்ளூர்ப் பத்திரிகைக்குச் சொன்ன வாக்கியம்: "போக வேண்டும் என்று எனக்கு ஒருநாளும் தோன்றியதில்லை."

பச்சைப் பொய். அந்தப் பேட்டிக்கு மூன்று மாதம் முன்புதான் தெற்கே முதல் பிரிவில் ஆடும் ஒரு பெரிய கிளப்புக்குக் கையெழுத்துப் போட்டிருந்தான். வீடுகூடப் பார்த்தாகிவிட்டது. மருத்துவப் பரிசோதனையில் அங்கிருந்த டாக்டர் அவன் இடது முழங்காலின் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார், மறுபடி பார்த்தார், தலையை ஆட்டினார். அவ்வளவுதான், ஒப்பந்தம் போயிற்று. போன காரிலேயே திரும்பி வந்தான். விஷயம் தெரிந்த நான்கு பேரும் வாயைத் திறக்கவில்லை. பிறகு பத்திரிகைக்காரன் கேட்டபோது, அடிபட்ட மானத்துக்கு ஒரு கட்டுப் போட்டுக்கொள்ளத்தான் அந்த வாக்கியத்தைச் சொன்னான். ஒரு வாரத்தில் எல்லோரும் மறந்துவிடுவார்கள் என்று நினைத்தான்.

மற்றவர்கள் மறந்திருந்தாலும் வோல்க்மார் மறக்கவில்லை. அதுதான் ஹென்னிங்கை விடாமல் அரித்தது.

வோல்க்மார் ரசிகர் மன்றத்தின் தலைவர். அதே வருஷம் ஊரின் கியர் தொழிற்சாலை தெற்கே இடம் மாறியபோது, அங்கே வந்தால் அதே வேலை, கூடுதல் சம்பளம் என்று கூப்பிட்டும் அவர் போகவில்லை. பத்திரிகையை மேஜையில் போட்டு, "அந்தப் பையனே போகலையாம், நான் ஏன் போகணும்?" என்று சொன்னதாக ஊரில் கதை. அந்தக் கதைக்காகவே அவரைத் தலைவராக்கினார்கள். பெரிய லேத்தில் வேலை பார்த்த மனிதர் இப்போது பள்ளிக்கூடத்தில் விளக்கு மாற்றுகிறார், பனி தள்ளுகிறார். மனைவி சிக்ருனுக்கு அக்கா தெற்கேதான் இருக்கிறாள். சிக்ருன் போக ஆசைப்பட்டவள் என்பதும் ஊருக்குத் தெரியும்.

என் பொய்யை நம்பி ஒரு மனுஷன் பிழைப்பைக் கெடுத்துக்கொண்டான்: பன்னிரண்டு வருஷமாக ஹென்னிங் இதைச் சுமந்துகொண்டிருந்தான். இப்போது அதை நாற்பது மீட்டருக்கு எழுதி, இருபதாயிரம் பேருக்கு முன்னால் தூக்கிப் பிடிக்கப் போகிறார்கள். அதன் கீழே நின்று கை அசைக்க அவனால் முடியாது.

"ஷூவைக் கழட்டு" என்றாள் வால்புர்கா கடைசியில், அவன் வாசலை விட்டு நகராததைக் கண்டு. "உள்ள போறதுதான் போற, துணியையாவது பாழாக்காம போ."

கொட்டகை முழுக்கத் துணி. இருபது பேர் சாக்ஸோடு மண்டியிட்டு ரோலர் உருட்டிக்கொண்டிருந்தார்கள். அவனைப் பார்த்ததும் ஒவ்வொரு ரோலராக நின்றது. ஒருவன், "டேய், கல்யாணத்துக்கு முன்னாடியே மாப்பிள்ளை மணப்பொண்ணு அறைக்குள்ள வந்துட்டாண்டா!" என்று கத்தினான். சிரித்தார்கள். ஹென்னிங் சிரிக்கவில்லை என்றதும் சிரிப்பு அடங்கியது.

வோல்க்மார் மூலையில் பெயிண்ட் கலக்கிக்கொண்டிருந்தார். அந்தக் கொட்டகையில் எல்லோரும் எல்லோருக்கும் 'நீ'தான். மேயரே வந்தாலும் அப்படித்தான்.

"எவ்வளவு தைரியம் உனக்கு" என்றார் வோல்க்மார். "அஞ்சு வாரம் முதுகு ஒடிய வேலை பாத்திருக்கோம்."

"அந்த வாக்கியத்தை எடுத்துடு வோல்க்மார்."

"என்ன?"

"முகத்தை வெச்சுக்கோ. பேரை வெச்சுக்கோ. வாக்கியத்தை மட்டும் எடுத்துடு. அது பொய்."

ஹென்னிங் மெதுவான குரலில் எல்லாவற்றையும் சொன்னான். கையெழுத்து, பார்த்த வீடு, டாக்டர், திரும்பி வந்த கார். சொல்லும்போது வோல்க்மாரின் முகத்தைப் பார்க்க முடியாமல் பெயிண்ட் வாளியைப் பார்த்துக்கொண்டிருந்தான். வோல்க்மார் கலக்குவதை நிறுத்தவே இல்லை. நீலத்தோடு வெள்ளை சேர்ந்து நன்றாகக் கலந்துவிட்ட பிறகும் கலக்கிக்கொண்டே இருந்தார்.

"முழங்கால் மட்டும் நல்லா இருந்திருந்தா?" என்று கேட்டார்.

"போயிருப்பேன்."

"திரும்பிப் பாத்திருப்பியா?"

"தெரியல. பாத்திருக்க மாட்டேன்னு நெனக்கிறேன். நீ என்னை நம்பி அந்த வேலையை விட்ட. எனக்கு அது தெரியும். தெரிஞ்சும் உன் கையைக் குலுக்கிட்டே இருந்தேன். என்னை அடிக்கணும்னா அடி. ஆனா அதைத் தூக்கிப் பிடிக்காத."

வோல்க்மார் குச்சியை வாளியின் விளிம்பில் தட்டி வைத்தார். அடிக்கப் போகிறார் என்றுதான் ஹென்னிங் நினைத்தான். அவரோ கவிழ்த்து வைத்திருந்த பீர்ப் பெட்டி ஒன்றின் மேல் உட்கார்ந்துவிட்டார்.

"எடுக்க முடியாது" என்றார்.

"வோல்க்மார்—"

"சும்மா இரு. அதை எடுத்தா ஏன்னு கேப்பாங்க. நீ சொல்லுவ. சொல்லிட்டு நல்லவனாயிடுவ. உண்மையைச் சொன்ன மனுஷன்னு அதுக்கும் ஒரு பாட்டுக் கட்டுவாங்க இந்தப் பசங்க. என் கதி என்ன?"

"ஊர் உன்னை ஒண்ணும் சொல்லாது. ஏமாந்தவன் நீ. ஏமாத்தினவன் நான்."

வோல்க்மார் சிரித்தார். கேட்கச் சகிக்காத சிரிப்பு.

"தெற்க வரச் சொல்லி நூத்தி நாப்பது பேரைக் கூப்பிட்டாங்க" என்றார். "பட்டியலைக் கேன்டீன் சுவத்துல ஒட்டினாங்க. நான் மூணு தடவை படிச்சேன், மேலேருந்து கீழ, கீழேருந்து மேல. என் பேர் இல்ல. புது மெஷின் எனக்கு வராதுன்னு ஃபோர்மேன் சொல்லிட்டானாம். வீட்டுக்குப் போனேன். மேஜையில பேப்பர் கெடந்துச்சு. உன் மூஞ்சியும் அந்த வாக்கியமும். சிக்ருன் கேட்டா, என்னாச்சுன்னு. நான் வாயைத் தொறந்தேன். அந்தப் பையனே போகலையாம், நான் ஏன் போகணும்னு அதுவா வந்துருச்சு."

ஹென்னிங்குக்குச் சட்டென்று ஒன்றும் புரியவில்லை. புரிந்தபோது முதலில் வந்தது கோபம்தான். அதை மறைக்க அவன் முயலவில்லை. "பன்னெண்டு வருஷம்" என்றான். "உன்னைக் கண்டாலே எனக்கு நெஞ்சு அடிச்சுக்கும். தெருவுல உன் தலையைப் பாத்தா எதிர்ச் சாரிக்கு மாறிடுவேன்."

"நானும்தான்" என்றார் வோல்க்மார். "எங்கயாவது நீ வேற கிளப்புக்குப் போய்த் தொலஞ்சிடுவியோன்னு ஒவ்வொரு கோடையிலயும் பயம். நீ போயிட்டா என் கதை என்னாகும்? உனக்காக நான் கத்தின கத்தல்ல பாதி அந்தப் பயம்தான்."

மீதிப் பாதி என்ன என்று ஹென்னிங் கேட்கவில்லை. கொட்டகையின் இன்னொரு கோடியில் சிக்ருன் மட்டும் நிமிராமல் கடைசி எழுத்தின் ஓரத்தைச் சிறு பிரஷ்ஷால் அடித்துக்கொண்டிருந்தாள். ஐந்து வாரமாக ஒவ்வொரு மாலையும் அவள் வந்திருக்கிறாள். தன்னை இந்த ஊரில் கட்டிப்போட்ட வாக்கியம் அது என்று தெரிந்தே வந்திருக்கிறாள். ஹென்னிங் அதைப் பார்த்தான். வோல்க்மாரும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவகிட்டயாவது..." என்று தொடங்கினான் ஹென்னிங்.

"தெரியும். வாயை மூடு."

வோல்க்மார் எழுந்தார். முழங்காலில் ஒட்டியிருந்த தூசியைத் தட்டினார், தேவையில்லாமல் இன்னொரு முறை தட்டினார்.

"எல்லாரும் ரோலரைக் கீழ வைங்க" என்றார். மைதானத்தில் இருபதாயிரம் பேரைக் கத்த வைக்கும் குரல் அது. இப்போது பாதிகூட வரவில்லை. "வாக்கியத்தை அழிக்கணும், வெள்ளை பெயிண்ட் நெறைய வேணும். ஏன்னு சொல்றேன்."

ஹென்னிங் ஓர் அடி முன்னால் வந்து வாயைத் திறந்தான். வோல்க்மார் அவன் நெஞ்சில் கையை வைத்து நிறுத்தினார்.

"உன் முறை அப்புறம். நீ ஊருக்குச் சொல்லணும், நான் வீட்டுக்குச் சொல்லணும்." பிறகு கொட்டகையின் அந்தக் கோடியைப் பார்த்துச் சொன்னார்: "சிக்ருன். தெற்க வேலைக்கு என்னைக் கூப்பிடவே இல்ல."

பிரஷ் நின்றது. அவள் எழுந்தாள். கதவோரமாகச் சுற்றி வர வழி இருந்தது. அவள் அந்த வழியைப் பார்க்கவில்லை. இன்னும் காயாத நீலத்தின் மேல் கால் வைத்து, ஒவ்வொரு எழுத்தையும் மிதித்துக்கொண்டு, நாற்பது மீட்டரும் நேராகப் புருஷனை நோக்கி நடந்து வந்தாள்.