ஒட்டுப் பிரிக்காத உறை

லோஜன் நீதிமன்றப் படிகளை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டு ஏறினான். பத்தொன்பது வயது. திருவிழாவன்று யாரிடமோ ரோஷப்பட்டு ஓர் ஆட்டோவின் கண்ணாடியைக் கல்லால் உடைத்தது அவன்தான். அதை அவன் மறுக்கவும் இல்லை. இப்போது அவனை உலுக்கியது பிடியாணை. வழக்குத் தவணை நாளில் வரவில்லை என்று பொலிஸ் தோட்டத்து லய வீட்டுக்கே தேடி வர, லோஜன் துரை தலவாக்கலையில் சித்தி வீட்டில் இரண்டு வாரம் பதுங்கிக் கிடந்தார்.

வராததற்குக் காரணத்தைச் சொன்னால் சிரிப்பு வரும். அக்கரப்பத்தனைப் பக்கத்து அந்தத் தேயிலைத் தோட்டத்தில் வீடு வீடாகத் தபால் வராது. எல்லார் கடிதமும் தோட்ட ஆபீசில் ஒரு பெட்டியில் விழும். அங்கே போகிறவர்கள் தங்கள் லயத்துக் கடிதங்களை அள்ளி வருவார்கள். நீதிமன்ற அழைப்பாணையை எவரும் அள்ளவில்லை. அவன் அம்மா வீரம்மாதான் கொழுந்து பறிக்கப் போகாமல் ஒரு காலை முழுக்கப் பெட்டியைக் கிளறி, அடியில் கிடந்ததை எடுத்து, தலவாக்கலைக்குக் கொண்டு போனாள். லோஜன் உறையைக் கிழிக்கப் போனான். அவள் வெடுக்கென்று பிடுங்கிக்கொண்டாள்.

"பிரிச்சா, படிச்சிட்டுத்தான் ஒளிஞ்சேன்னு சொல்லுவாங்கடா."

நீதிமன்றத்தில் வழக்கறிஞர் சர்மிளா அந்த உறையை நீட்டினார். நீதவான் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுச் சிங்களத்தில் ஏதோ கேட்டார். அதற்குள் லோஜன் மனதால் மறியலுக்குப் போய், கம்பிக்குப் பின்னால் தட்டில் சோறும் வாங்கிவிட்டான்.

"இது எப்ப கைக்கு வந்திச்சுன்னு கேக்கிறார்," என்றார் மொழிபெயர்ப்பாளர்.

"முந்தாநாள்தாங்க ஐயா. அம்மா ஆபீஸ் பெட்டியில தேடி எடுத்தாங்க."

நீதவான் கத்தரிக்கோல் கேட்டு வாங்கித் தானே உறையை வெட்டினார். உள்ளே இருந்த தவணைத் தேதி போன மாதமே கடந்திருந்தது. தலையை ஆட்டிக்கொண்டு எழுதத் தொடங்கினார். பிடியாணை ரத்து. சொந்தப் பிணையில் போகலாம். ஆட்டோக்காரரோடு சமாதானமாகப் போகப் பார்க்க வேண்டும். அடுத்த தவணைத் தேதியை வாயாலேயே இரண்டு தரம் சொன்னார்.

வெளியே வாசல் தாண்டியதும் முதுகில் பளாரென்று ஓர் அடி விழுந்தது.

"கண்ணாடிய ஏன்டா ஒடச்ச, நாயே?"

கூடவே வந்திருந்த அம்மாதான். இரண்டு வாரமாக அவள் ஒரு வார்த்தை திட்டவில்லை. மறியலுக்குப் போகிற பிள்ளை என்று நினைத்து வாயை மூடிக்கொண்டு சோறு மட்டும் கட்டி அனுப்பினாள். அந்த அமைதிதான் அவனைப் பொலிசை விட அதிகமாகப் பயமுறுத்தியது. முதுகு எரிந்தது. அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

"திட்டும்மா," என்றான். "பஸ்ஸுக்கு இன்னும் நேரமிருக்கு."